மைக் பேட்டனின் இசைப்பயணம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

‘ஃபெய்த் நோ மோர்’ என்ற அமெரிக்க ராக் குழுவின் பாடகராகத்தான் மைக் பேட்டனைப் பெரும்பாலோர் முதலில் அறிகிறார்கள். அந்தக் குழுவின் ஒரு பாடல் பிடித்துப்போய், அவர் வேறு என்னென்ன பாடியிருக்கிறார் என்று தேடத் தொடங்குபவர்களுக்குத் திகைப்புத்தான் மிஞ்சுகிறது. ஓர் ஆல்பத்தில் இத்தாலியக் காதல் பாட்டு. இன்னொன்றில் சொல்லே இல்லாத கூச்சல். வேறொன்றில் எழுபத்து நான்கு நிமிடத்துக்கு ஒரே உருப்படி. இவை அனைத்தையும் பாடியவர் ஒரே மனிதர்தானா என்ற ஐயம் எழுவது இயல்பு. பல ஆண்டுகளாக அவரைக் கேட்டுவருபவன் என்ற முறையில், என்னிடம் மீண்டும் மீண்டும் கேட்கப்பட்ட கேள்விகளை எடுத்துக்கொண்டு, எனக்கு உறுதியாகத் தெரிந்தவற்றை மட்டும் இங்கே விளக்க முயல்கிறேன்.

மைக் பேட்டன் எங்கிருந்து வந்தவர்?

அமெரிக்காவின் கலிபோர்னியா மாநிலத்தின் வடகோடியில், பசிபிக் கரையோரம் உள்ள யுரேகா என்ற சிறு நகரில் 1968 ஜனவரி 27 அன்று பிறந்தவர். பெருநகரங்களின் இசை அரங்குகளிலிருந்து வெகு தொலைவில் இருந்த அந்த ஊரில், கிடைத்த ஒலிநாடாக்களையெல்லாம் கேட்டு வளர்ந்தார். ஓர் இசைத்தட்டுக் கடையில் வேலையும் பார்த்தார். 1985இல், பள்ளி நாட்களிலேயே, நண்பர்களான ட்ரே ஸ்ப்ரூயன்ஸ், ட்ரெவர் டன் ஆகியோருடன் சேர்ந்து ‘மிஸ்டர் பங்கிள்’ என்ற குழுவைத் தொடங்கினார். பள்ளிப் பிள்ளைகளுக்கு நல்ல பழக்கங்களைக் கற்பிப்பதற்காக எடுக்கப்பட்ட ஒரு பழைய குறும்படத்தில், செய்யக்கூடாததையெல்லாம் செய்துகாட்டும் பொம்மையின் பெயர் அது. அந்தப் பெயரைத் தேர்ந்தெடுத்த பதினேழு வயதுப் பிள்ளைகளின் மனப்போக்கு, பேட்டனின் பிற்கால இசை முழுவதிலும் தொடர்ந்து வருகிறது என்றே நான் கருதுகிறேன்.

ஃபெய்த் நோ மோர் குழுவில் அவர் சேர்ந்தது எப்படி?

ஓர் ஒலிநாடாவின் மூலம். 1986இல் ஃபெய்த் நோ மோர் குழுவினர் யுரேகாவுக்கு அருகிலுள்ள ஹம்போல்ட் மாநிலப் பல்கலைக்கழகத்தில் வாசிக்க வந்தபோது, மிஸ்டர் பங்கிள் தாங்களே பதிவு செய்திருந்த மாதிரி நாடா ஒன்று அவர்கள் கைக்குப் போய்ச் சேர்ந்தது. சான் பிரான்சிஸ்கோவைச் சேர்ந்த அந்தக் குழுவுக்கு அப்போது சக் மோஸ்லி என்பவர் பாடகராக இருந்தார். 1988இல் அவர் வெளியேற்றப்பட்டபோது, கிட்டார் கலைஞர் ஜிம் மார்ட்டினுக்கு அந்த நாடாவில் கேட்ட குரல் நினைவுக்கு வந்தது. பேட்டன் அப்போது அதே பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியம் படித்துக்கொண்டிருந்தார்.

அவர் சேர்ந்த நேரத்தில் அடுத்த ஆல்பத்துக்கான இசை ஏறக்குறைய முழுதாக அமைக்கப்பட்டுவிட்டது. பாடுவதற்குச் சொல்தான் இல்லை. சுமார் இரண்டு வாரங்களுக்குள் எல்லாப் பாடல்களுக்கும் அவர் வரிகளை எழுதி முடித்தார். அந்த ஆல்பமே 1989இல் வெளிவந்த ‘தி ரியல் திங்’. பிறர் அமைத்து முடித்த இசைக்குள் புகுந்து தனக்கான இடத்தைக் கண்டுபிடிக்கும் இந்தத் திறமைதான் பிற்காலத்தில் அத்தனை கூட்டு முயற்சிகளுக்கும் அவரைத் தகுதியானவராக்கியது என்பதால், இந்த இரண்டு வாரங்களை நான் முக்கியமாகக் கருதுகிறேன்.

அந்தத் தொடக்க நாட்களிலேயே மேடையில் உடைந்த பாட்டில் ஒன்று அவருடைய வலக்கையை ஆழமாகக் கிழித்துவிட்டது. கை மீண்டும் இயங்கத் தொடங்கியது. தொடு உணர்வு மட்டும் திரும்பவில்லை. அதன் பிறகும் மேடையில் அவர் தம்மைச் சற்றும் காத்துக்கொள்ளாமல்தான் ஆடிப்பாடினார்.

முதல் வெற்றிக்குப் பிறகு அதே பாணியைத் தொடராதது ஏன்?

‘தி ரியல் திங்’ ஆல்பத்திலிருந்து தனியாக வெளியிடப்பட்ட ‘எபிக்’ என்ற பாடல், 1990இல் அமெரிக்காவின் பில்போர்டு தரவரிசையில் ஒன்பதாம் இடம்வரை உயர்ந்தது. கனமான கிட்டாரின் மேல் ராப் போன்ற வேகப் பேச்சும், அதைத் தொடர்ந்து வாய்விட்டுப் பாடும் பல்லவியுமாக அமைந்த பாட்டு அது. 1991 ஜனவரியில் பிரேசிலின் மரக்கானா மைதானத்தில் நடந்த ராக் இன் ரியோ விழாவில் வாசித்த பிறகு, தென் அமெரிக்காவில் அவர்களுக்கு உருவான ரசிகர் கூட்டம் இன்றுவரை கலையவில்லை.

இன்னொரு ‘எபிக்’ வேண்டும் என்று எல்லோரும் எதிர்பார்த்துக் காத்திருந்தபோது, 1992இல் அவர்கள் கொடுத்தது ‘ஏஞ்சல் டஸ்ட்’. பேட்டன் முதல் நாளிலிருந்தே இசையமைப்பில் பங்கேற்ற முதல் ஃபெய்த் நோ மோர் ஆல்பம் இதுவே. முந்தைய ஆல்பத்தில் மூக்கின் வழியே கீச்சிட்ட இளைஞனின் குரல் இதில் இல்லை. அடிவயிற்றிலிருந்து எழும் உறுமலும், தடித்த நடுக்குரலும், திடீரென்று சுத்தமாக ஒலிக்கும் மேல்ஸ்தாயியும் ஒரே பாட்டுக்குள் மாறி மாறி வருகின்றன. சில பாடல்களை எழுதுவதற்காக அவர் வேண்டுமென்றே தூங்காமல் விழித்திருந்து, அந்த மயக்க நிலையில் மனத்துக்குள் ஓடியதை எழுதினார். பிஸ்கட்டுக்குள் மடித்து வைக்கப்படும் அதிர்ஷ்டச் சீட்டுகளின் வாசகங்களைக்கூட வரிகளாக்கினார். அமெரிக்காவில் முந்தைய ஆல்பத்தின் அளவுக்கு அது விற்கவில்லை. ஆயினும் அடுத்த தலைமுறையின் கனரக ராக் குழுக்கள் பலவும் தங்களுக்கு வழிகாட்டியதாகக் குறிப்பிடுவது இந்த ஆல்பத்தைத்தான்.

அதே காலத்தில் ‘காமடோர்ஸ்’ குழுவின் பழைய மென்பாடலான ‘ஈஸி’யையும் அவர்கள் மறுபதிவு செய்தனர், 1993இல் அது பிரிட்டனில் மூன்றாம் இடத்தைப் பிடித்தது. பாட்டை முழு மரியாதையோடும் கனிவோடும் பாடிவரும் பேட்டன், கிட்டார் தனிவாசிப்பு தொடங்குவதற்குச் சற்று முன், தொண்டைக்குள்ளிருந்து ஒரு சிறு முனகலை மட்டும் வெளியிடுவார். அரை நொடிகூட நீடிக்காத அந்த ஓசைக்காகவே அந்தப் பாட்டைத் திரும்பத் திரும்பக் கேட்டிருக்கிறேன். கேலி செய்ய நினைத்திருந்தால் பாட்டு முழுவதையும் கேலியாகப் பாடியிருக்கலாம். அவர் அப்படிச் செய்யவில்லை.

மிஸ்டர் பங்கிளை ‘சைடு ப்ராஜெக்ட்’, அதாவது முதன்மைக் குழுவுக்கு வெளியே செய்யும் பக்க முயற்சி, என்று சொல்வது சரியா?

காலவரிசைப்படி பார்த்தாலே அது சரியாகாது. மிஸ்டர் பங்கிள்தான் முதலில் பிறந்தது. ஃபெய்த் நோ மோர் மூன்றாண்டுகளுக்குப் பிறகு வந்த வாய்ப்பு. சேர்ந்த பின்னும் தம் பழைய குழுவைப் பேட்டன் கைவிடவில்லை. ஃபெய்த் நோ மோரின் புகழே மிஸ்டர் பங்கிளுக்கு வார்னர் பிரதர்ஸ் போன்ற ஒரு பெரிய நிறுவனத்தின் ஒப்பந்தத்தைப் பெற்றுத்தர உதவியது.

1991இல் வெளிவந்த அவர்களுடைய முதல் ஆல்பத்தின் தயாரிப்பில், நியூயார்க்கின் சாக்ஸபோன் கலைஞரும் இசையமைப்பாளருமான ஜான் ஸோர்ன் துணை நின்றார். ஃபங்க், ஸ்கா, திருவிழா இசை, மெட்டல் என்று நிமிடத்துக்கு நான்கு முறை திசை மாறும் ஆல்பம் அது. மேடையில் குழுவினர் முகமூடி அணிந்து வாசித்தார்கள். 1995இல் வந்த ‘டிஸ்கோ வோலாண்டே’ இன்னும் இருண்டது, கேட்பவரிடம் அதிகப் பொறுமையைக் கோருவது. 1999இல் வந்த ‘கலிபோர்னியா’வோ மேற்பரப்பில் பழைய கடற்கரைப் பாடல்களைப் போல இனிமையானது; கூர்ந்து கேட்டால் ஒவ்வொரு பாட்டின் அடியிலும் எண்ணற்ற ஒலித்தடங்கள் அடுக்கப்பட்டிருப்பது தெரியும். மூன்றில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கச் சொன்னால் நான் தயங்காமல் ‘கலிபோர்னியா’வைச் சொல்வேன்.

அதன் பிறகு ஓய்ந்துபோன குழு 2020 பிப்ரவரியில் மீண்டும் மேடையேறியது. ‘ஆந்த்ராக்ஸ்’ குழுவின் ஸ்காட் ஈயனும், ‘ஸ்லேயர்’ குழுவில் டிரம்ஸ் வாசித்த டேவ் லொம்பார்டோவும் இம்முறை உடன் சேர்ந்தார்கள். 1986இல் சிறுவர்களாகப் பதிவு செய்த அதே மாதிரி நாடாவின் பாடல்களை, ஐம்பதை எட்டிய வயதில், முழுத் திறமையோடு மறுபதிவு செய்து அதே ஆண்டில் வெளியிட்டார்கள்.

சொற்களே இல்லாமல் குரல் எழுப்புகிறாரே, அதைப் பாட்டு என்று எப்படி ஏற்பது?

இந்தக் கேள்வியை ஏளனமாகக் கேட்பவர்களும் உண்டு, உண்மையாகவே புரியாமல் கேட்பவர்களும் உண்டு. வயலினோ புல்லாங்குழலோ சொல் இல்லாமல் ஒலிக்கும்போது நாம் ஆட்சேபிப்பதில்லை. மனிதக் குரல் என்றவுடன் மட்டும் அதில் பொருளைத் தேடுகிறோம். பேட்டன் தம் குரலை ஒரு வாத்தியமாகவே நடத்துகிறார். சில நேரங்களில் சொற்கள் வருகின்றன, சில நேரங்களில் வருவதில்லை.

1996இல் ஸோர்னின் ‘ட்ஸாடிக்’ நிறுவனம் வெளியிட்ட அவருடைய முதல் தனி ஆல்பம் இதற்குச் சரியான சான்று. ஃபெய்த் நோ மோர் குழுவோடு ஊர் ஊராகச் சுற்றிய நாட்களில், விடுதி அறைகளில் தனியே உட்கார்ந்து, கையடக்கமான நான்கு தட ஒலிப்பதிவுக் கருவியில் பதிவு செய்தது அது. கிட்டார் இல்லை, டிரம்ஸ் இல்லை. மூச்சு, நாக்கு, பல், தொண்டை, ஒலிவாங்கி ஆகியவை மட்டுமே. எல்லோரும் விரும்பிக் கேட்கும் ஆல்பம் என்று அதை நான் சொல்லமாட்டேன். ஆனால் அதை ஒருமுறை கேட்ட பிறகு, அவருடைய ராக் பாடல்களில் சொற்களுக்கு இடையே ஒளிந்திருக்கும் ஓசைகளெல்லாம் நம் காதில் தனியாக விழத் தொடங்குகின்றன.

ஃபாண்டோமாஸ் குழுவின் தனித்தன்மை என்ன?

1998இல் பேட்டன் உருவாக்கிய இந்தக் குழுவுக்கு, பழைய பிரெஞ்சுக் குற்றக்கதைகளில் வரும் ஒரு வில்லனின் பெயர் சூட்டப்பட்டது. ‘மெல்வின்ஸ்’ குழுவின் பஸ் ஆஸ்போர்ன் கிட்டார், ட்ரெவர் டன் பாஸ் கிட்டார், டேவ் லொம்பார்டோ டிரம்ஸ். மற்றக் குழுக்களில் பேட்டன் பலரில் ஒருவர். இதில் இசை முழுவதையும் அமைப்பவர் அவரே. எல்லாப் பகுதிகளையும் தாமே பதிவு செய்து கலைஞர்களிடம் கொடுத்து, அவர்கள் அதை நொடி பிசகாமல் கற்றுக்கொண்டு வாசிக்கும் முறை இது.

1999இல் வந்த முதல் ஆல்பம் ஒரு சித்திரக்கதைப் புத்தகத்தைப் போல முப்பது ‘பக்கங்களாக’ அமைந்தது. பதின்மூன்றாம் பக்கத்தில் வெறும் மௌனம். 2001இல் வந்த ‘தி டைரக்டர்ஸ் கட்’ புகழ்பெற்ற திரைப்படங்களின் கருப்பொருள் இசையைப் பிய்த்துப்போட்டு மீண்டும் கட்டியது. 2005இல் வந்த ஆல்பத்தில் அந்த ஆண்டின் ஏப்ரல் மாதத்தின் ஒவ்வொரு நாளுக்கும் ஓர் உருப்படியாக முப்பது உருப்படிகள், கார்ட்டூன் இசையின் பாய்ச்சலோடு.

இவற்றுள் என்னை மிகவும் பாதித்தது 2004இல் வந்த ‘டெலீரியம் கோர்டியா’. அறுவைச் சிகிச்சையைக் கருவாகக் கொண்டு, மயக்க மருந்துக்கும் விழிப்புக்கும் இடைப்பட்ட நிலையை ஒலியாக்கும் ஒரே நீண்ட உருப்படி, எழுபத்து நான்கு நிமிடம். கருவிகளின் உலோக ஒலி, தூரத்துக் கோவில் இசை போன்ற கூட்டுக்குரல், திடீரென்று வெடித்து அடங்கும் டிரம்ஸ். இறுதியில் இசை ஓய்ந்த பிறகு, இசைத்தட்டின் கடைசிப் பள்ளத்தில் ஊசி சுற்றிக்கொண்டே இருக்கும் ‘டக்… டக்’ ஓசை மட்டும் நெடுநேரம் தொடர்கிறது. முதன்முறை கேட்டபோது முடிந்துவிட்டது என்று எழப் போனவன், எழாமல் அப்படியே உட்கார்ந்துவிட்டேன். அந்த ஓசை நின்ற பிறகுதான் அறையின் அமைதியே காதில் விழுந்தது.

மேடையில் இந்தக் குழு அமரும் முறையும் இசையின் தேவைக்கேற்பவே இருந்தது. பேட்டன் நடுவில் நிற்பதில்லை. ஒரு பக்கவாட்டில், ஒலிக்கருவிகளும் ஒலிவாங்கிகளும் நிறைந்த மேசைக்குப் பின்னால், எதிர்ப்பக்கத்தில் இருக்கும் லொம்பார்டோவை நேராகப் பார்த்தபடி நிற்பார். குரலும் டிரம்ஸும் ஒரே நொடியில் விழுந்து ஒரே நொடியில் நிற்க வேண்டுமானால் இருவரும் ஒருவரையொருவர் பார்த்தாக வேண்டும்.

டோமஹாக்?

‘ஜீசஸ் லிசர்ட்’ குழுவின் கிட்டார் கலைஞர் டுவேன் டெனிசனோடு 2000இல் தொடங்கிய ராக் குழு. ‘ஹெல்மெட்’ குழுவின் ஜான் ஸ்டேனியர் டிரம்ஸ். பேட்டனின் பிற்காலக் குழுக்களில் நேரடியான ராக் இசைக்கு மிக நெருக்கமானது இதுவே. 2001 முதல் 2021 வரை ஐந்து ஆல்பங்கள். அவற்றில் 2007இல் வந்த ‘அனானிமஸ்’, அமெரிக்கப் பழங்குடி மக்களின் பழைய பாடல்களைக் குறித்துவைத்த சுரக்குறிப்புகளிலிருந்து உருவானது. அந்தப் பாடல்களை இயற்றியவர் பெயர்கள் ஏட்டில் இல்லை என்பதையே ‘பெயர் அறியப்படாதவர்’ எனப் பொருள்படும் அந்தத் தலைப்பு சொல்கிறது.

அவர் பாப் இசையே பாடியதில்லையா?

பாடியிருக்கிறார், மனம் ஒன்றிப் பாடியிருக்கிறார். 2001இல் தயாரிப்பாளர் டேன் தி ஆட்டோமேட்டர் உருவாக்கிய ‘லவாஜ்’ ஆல்பத்தில் ஜெனிஃபர் சார்ல்ஸோடு இணைந்து தணிந்த குரலில் காதல் பாடினார். 2006இல் ‘பீப்பிங் டாம்’ என்ற பெயரில் தம் சொந்த பாப் ஆல்பத்தை வெளியிட்டார். நோரா ஜோன்ஸ், ‘மாசிவ் அட்டாக்’ குழு, அமான் டோபின், கூல் கீத், ரஸேல் போன்றோர் அதில் பங்கேற்றனர். ஒரே அறையில் கூடாமல், ஒலிக்கோப்புகளை ஒருவருக்கொருவர் அனுப்பி அனுப்பியே பாடல்களை வளர்த்தார்கள். 2004இல் ஐஸ்லாந்துப் பாடகி பியோர்க் பெரும்பகுதி மனிதக் குரல்களைக்கொண்டே அமைத்த ‘மெடுல்லா’ ஆல்பத்துக்கும் அவர் குரல் கொடுத்தார்.

இத்தாலிய மொழியில் பாட அவருக்கு என்ன தேவை வந்தது?

பேட்டன் சில ஆண்டுகள் இத்தாலியின் பொலோனா நகரில் வாழ்ந்தவர். அம்மொழியைச் சரளமாகப் பேசக் கற்றுக்கொண்டவர். அங்கே வானொலியில் கேட்ட 1950கள், 1960களின் பாடல்களில் அவருக்கு உண்மையான ஈடுபாடு உண்டாயிற்று. முழு இசைக்குழுவோடும் கூட்டுக்குரலோடும் ஐரோப்பிய மேடைகளில் அவற்றைப் பாடி, அந்தப் பதிவுகளிலிருந்து 2010இல் ‘மொண்டோ கானே’ ஆல்பத்தை உருவாக்கினார். ஜீனோ பாவோலியின் காதல் பாடலில் அவர் குரலை மெல்ல மெல்ல உயர்த்திச் செல்லும் விதத்தில், முதிர்ந்த மெல்லிசைப் பாடகர்களின் பொறுமை தெரிகிறது. இடையிடையே ஒலிபெருக்கியின் வழியே சில கூச்சல்களும் வரத்தான் செய்கின்றன. ஆனால் மெட்டை அவர் எங்கும் சிதைப்பதில்லை. உச்சரிப்பிலும் அவ்வளவு கவனம்.

இதே ஈடுபாட்டின் மறுமுனையாக, இத்தாலிய நவீன இசையமைப்பாளர் லூசியானோ பெரியோவின் ‘லபோரிந்துஸ் II’ என்ற படைப்பையும் அவர் ‘இக்டஸ்’ குழுவோடு நிகழ்த்தினார். அதன் பதிவு 2012இல் வெளிவந்தது.

இபிகாக் நிறுவனத்தை ஏன் தொடங்கினார்?

பெரிய நிறுவனங்கள் தொடத் தயங்கும் இசைக்கு ஒரு வீடு வேண்டியிருந்தது. 1999இல் கிரெக் வெர்க்மன் என்பவரோடு சேர்ந்து ‘இபிகாக் ரெக்கார்டிங்ஸ்’ நிறுவனத்தைத் தொடங்கினார். ஃபாண்டோமாஸின் முதல் ஆல்பமே அதன் முதல் வெளியீடு. இபிகாக் என்பது வாந்தியை வரவழைக்கும் மருந்தின் பெயர். கலைஞர்களை நீண்டகால ஒப்பந்தத்தில் கட்டிப்போடாத நிறுவனம் என்ற நற்பெயரை அது ஈட்டியது. மெல்வின்ஸ் முதல் எனியோ மோரிகோனேயின் அரிய திரையிசைத் தொகுப்பு வரை அதன் பட்டியல் விரிகிறது. பேட்டன் தம் பாடல்களுக்காக மட்டும் அதை நடத்தியிருந்தால் இவ்வளவு மதிப்பு அதற்குக் கிடைத்திருக்காது.

திரைப்படங்களிலும் விளையாட்டுகளிலும் அவர் குரல் ஒலிப்பதாகச் சொல்கிறார்களே?

ஆம். 2007இல் வெளிவந்த ‘ஐ ஆம் லெஜண்ட்’ படத்தில் நோய் தொற்றிய உயிரினங்களின் அலறலுக்கு அவர் குரல் கொடுத்தார். ‘தி டார்க்னஸ்’, ‘போர்ட்டல்’, ‘லெஃப்ட் 4 டெட்’ ஆகிய கணினி விளையாட்டுகளிலும் அவர் குரல் உண்டு. இசையமைப்பாளராக, ‘கிராங்க்: ஹை வோல்டேஜ்’, ‘தி ப்ளேஸ் பியாண்ட் தி பைன்ஸ்’, ‘1922’ ஆகிய படங்களுக்கு இசையமைத்திருக்கிறார்.

அவருடைய குரல் ஆறு ஸ்தாயிகளைத் தொடும் என்பது உண்மையா?

பதிவுகளில் கேட்கும் மிகத் தாழ்ந்த ஓசையையும் மிக உயர்ந்த ஓசையையும் அளந்து, 2014இல் வெளியான ஓர் ஒப்பீடு அவ்வாறு கணக்கிட்டது. அதிலிருந்து அந்தச் செய்தி பரவியது. ஆனால் தொண்டையின் அடியில் எழும் கரகரப்பையும் உச்சியில் எழும் கீச்சொலியையும் சேர்த்து எண்ணும் கணக்கு அது. மெட்டைப் பாடுவதற்குப் பயன்படும் வீச்சு எந்தப் பாடகருக்கும் இதைவிடக் குறைவாகவே இருக்கும். எண்ணிக்கையை வைத்து அவரை அளப்பது எனக்கு உடன்பாடானதில்லை. கீழிருந்து மேலே எவ்வளவு தூரம் என்பதைவிட, ஒரு நிறத்திலிருந்து இன்னொரு நிறத்துக்கு எவ்வளவு விரைவில் அவர் குரல் மாறுகிறது என்பதே கவனிக்கத்தக்கது. பாடகர்கள் பலருக்கு ஒரு வரி தேவைப்படும் மாற்றத்தை அவர் ஓர் அசைக்குள் முடித்துவிடுகிறார்.

ஃபெய்த் நோ மோர் என்ன ஆனது?

1995, 1997 ஆகிய ஆண்டுகளில் மேலும் இரண்டு ஆல்பங்களை வெளியிட்ட பின், 1998 ஏப்ரலில் குழு கலைவதாக அறிவிக்கப்பட்டது. கிட்டார் கலைஞர்கள் மாறிக்கொண்டே இருந்ததும், உறுப்பினர்கள் ஒவ்வொருவருக்கும் வேறு வேலைகள் பெருகியதும் அதற்கு முன்னரே வெளிப்படையாகத் தெரிந்தன. 2009இல் மீண்டும் ஒன்றுகூடி மேடையேறினார்கள். பதினெட்டு ஆண்டு இடைவெளிக்குப் பின் 2015இல் ‘சோல் இன்விக்டஸ்’ என்ற புதிய ஆல்பத்தைக் கொடுத்தார்கள்.

2021 செப்டம்பரில் தொடங்கவிருந்த சுற்றுப்பயணத்தைப் பேட்டன் தம் மனநலத்தைக் காரணமாகக் கூறி ரத்து செய்தார். பெருந்தொற்றுக் காலத் தனிமையில் மக்களைச் சந்திக்கவே அஞ்சும் நிலை ஏற்பட்டது என்றும், குடிப்பழக்கமும் அதோடு சேர்ந்துகொண்டது என்றும் அடுத்த ஆண்டு பேட்டிகளில் அவரே வெளிப்படையாகச் சொன்னார். பல்லாயிரம் பேர் முன்னிலையில் மேடையிலிருந்து கூட்டத்துக்குள் குதித்தவர் அதைச் சொல்லத் துணிந்ததை நான் மிகவும் மதிக்கிறேன். 2022 இறுதியில் அவர் மேடைக்குத் திரும்பியது பள்ளித் தோழர்களின் குழுவான மிஸ்டர் பங்கிளோடுதான். அது தற்செயலாக இருக்கலாம். ஆனால் அவர் ஏன் அந்தக் குழுவை ஒருபோதும் விட்டுவிடவில்லை என்பதை அதன் பிறகுதான் நான் சரியாக உணர்ந்தேன்.

புதிதாகக் கேட்பவர் எங்கிருந்து தொடங்கலாம்?

ராக் இசை கேட்டுப் பழகியவர் என்றால் ‘ஏஞ்சல் டஸ்ட்’டிலிருந்து தொடங்குங்கள். மெல்லிசையே பிடிக்கும் என்பவர் ‘மொண்டோ கானே’வை எடுத்துக்கொள்ளலாம், அதன் பின் பிரெஞ்சு இசையமைப்பாளர் ஜான் குளோட் வானியேவோடு 2019இல் அவர் வெளியிட்ட ‘கார்ப்ஸ் ஃப்ளவர்’. நாட்டுப்புற இசை விரும்பிகளுக்கு, ‘ஏவெட் பிரதர்ஸ்’ குழுவின் சகோதரர்களோடு அவர் இணைந்து 2025இல் வெளியிட்ட ஆல்பம் நல்ல வாசல். ‘கலிபோர்னியா’வை இரண்டாவதாகவோ மூன்றாவதாகவோ வைத்துக்கொள்ளுங்கள். ‘டெலீரியம் கோர்டியா’வுக்கு மட்டும் அவசரப்பட வேண்டாம்; எழுபத்து நான்கு நிமிடம் யாரும் கூப்பிடாத ஓர் இரவு வாய்க்கும்போது, விளக்கை அணைத்துவிட்டு, ஊசியின் ஓசை நிற்கும்வரை கேளுங்கள்.